குரலால் எழுதவும் கணினியை இயக்கவும்: முழுமையான வழிகாட்டி

குரல் தட்டச்சு என்பது நீங்கள் பேசுவதை எழுத்தாக்குவது. குரல் கட்டுப்பாடு என்பது நீங்கள் பேசுவதைக் கட்டளையாக ஏற்றுக் கணினித் திரையின் சன்னலைத் திறப்பது, மூடுவது, சொடுக்குவது. இரண்டுக்கும் ஒரே மைக்தான் என்றாலும் இவை வேறு வேறு வேலைகள். புதிதாகத் தொடங்குவோர் பலர் இரண்டையும் ஒரே நாளில் கற்க முயல்கிறார்கள். எழுத்தாகும் என்று நினைத்துச் சொன்னதற்குச் சன்னல் மூடிக்கொள்கிறது. கட்டளை என்று சொன்னது கடிதத்தின் நடுவே எழுத்தாக விழுகிறது. இப்படி நான்கு முறை நடந்தவுடன் இது நமக்கு ஒத்துவராது என்று விட்டுவிடுகிறார்கள்.

ஆகவே இந்த வழிகாட்டி ஒரு வரிசையில் செல்கிறது: முதலில் மைக், பிறகு எழுதுதல், அதன்பின் திருத்துதல், கடைசியில் கட்டுப்பாடு. கை வலியாலோ உடல் நிலையாலோ விசைப்பலகையையே தொட முடியாதவர்கள் மட்டும் இரண்டாம் பகுதியை முடித்தவுடன் நேராக ஏழாம் பகுதிக்குச் சென்று, பிறகு மற்றவற்றுக்குத் திரும்பலாம்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

உங்கள் கணினியில் எந்த இயங்குதளம், அதன் எந்தப் பதிப்பு என்பதை முதலில் பாருங்கள். விண்டோஸ் கணினியில் விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் சேர்த்து அழுத்தி, வரும் சிறு பெட்டியில் வின்வெர் (winver) என்று ஆங்கில எழுத்தில் தட்டி என்டர் விசையை அழுத்தினால் பதிப்பு எண் தெரியும். விண்டோஸ் 11, அதிலும் 22எச்2 அல்லது அதற்குப் பிந்தைய பதிப்பு என்றால் இங்கே சொல்லும் எல்லாவற்றையும் செய்யலாம். விண்டோஸ் 10 என்றால் அதன் உள்ளமைந்த குரல் தட்டச்சில் தமிழ் இல்லை. உலாவி வழியாக மட்டும் தமிழில் எழுதலாம். மேக் கணினியில் 2019ஆம் ஆண்டின் கேட்டலினா பதிப்பிலிருந்து வாய்ஸ் கண்ட்ரோல் என்னும் குரல் கட்டுப்பாட்டு வசதி உள்ளது.

இணைய இணைப்பு தேவை. தமிழ் குரல் தட்டச்சில் உங்கள் ஒலி தொலைவிலுள்ள வழங்கிக்கு (சர்வருக்கு) இணையம் வழியாகச் சென்று எழுத்தாகித் திரும்புகிறது. இணைப்பு தடுமாறினால் எழுத்தும் தடுமாறும். அதைத் தம் உச்சரிப்பின் குறை என்று பலர் தவறாக எண்ணிக்கொள்கிறார்கள்.

க்ரோம் உலாவியும் ஒரு கூகுள் கணக்கும் வைத்துக்கொள்ளுங்கள். முதல் பயிற்சி அங்கேதான்.

2. மைக்கை முதலில் சரிசெய்யுங்கள்

இந்தப் படியைத் தாண்டிச் செல்லாதீர்கள். தமிழ் சரியாக விழவில்லை என்று சொல்பவர்களின் கணினியைப் பார்த்தால், பெரும்பாலும் மென்பொருளில் கோளாறு இருப்பதில்லை. மைக் ஒரு முழத்துக்கு அப்பால் இருந்து, மின்விசிறியின் இரைச்சலையும் சுவரில் மோதித் திரும்பும் எதிரொலியையும் சேர்த்து வாங்கிக்கொண்டிருக்கும். மடிக்கணினியோடு வரும் மைக் காணொளி அழைப்புக்குப் போதும், ஏனெனில் மறுமுனையில் இருக்கும் மனிதர் விடுபட்ட ஒலியை ஊகித்துக்கொள்வார். கணினியின் ஊகம் அவ்வளவு நம்பகமானதன்று. ல, ள, ழ ஆகியவற்றையும் ர, ற ஆகியவற்றையும் பிரித்தறியத் துணைபுரியும் நுண்ணிய வேறுபாடுகளே இரைச்சலில் முதலில் அடிபட்டுப் போகின்றன.

யூஎஸ்பி செருகியில் மாட்டும் ஹெட்செட் ஒன்று போதும். விலை உயர்ந்ததாக இருக்க வேண்டிய கட்டாயமில்லை. மைக் தண்டை வாய்க்கு நேர் எதிரே வைக்காமல், வாயின் ஓரத்துக்குச் சற்று விலகி, கன்னத்தருகே இரண்டு விரல் இடைவெளியில் நிறுத்துங்கள். நேர் எதிரே வைத்தால் ப, ட போன்ற வல்லொலிகளில் மூச்சுக் காற்று மைக்கில் மோதி வெடிப்பு ஒலியாகப் பதியும். புளூடூத் ஹெட்செட்டும் வேலை செய்யும். ஆனால் மைக்கைப் பயன்படுத்தும்போது பல புளூடூத் கருவிகள் ஒலித்தரம் குறைந்த அழைப்பு முறைக்கு மாறிவிடுகின்றன. வாங்கப் போகிறீர்கள் என்றால் கம்பியுள்ளதையே பரிந்துரைக்கிறேன்.

மாட்டியபின், விண்டோஸில் செட்டிங்ஸ், சிஸ்டம், சவுண்ட் என்ற வழியில் சென்று, இன்புட் என்னும் பகுதியில் உங்கள் ஹெட்செட் தேர்வாகியிருக்கிறதா என்று பாருங்கள். மாட்டியதாலேயே அது தேர்வாகிவிடும் என்று நம்பாதீர்கள். ஹெட்செட் அணிந்தபடி பேசிக்கொண்டிருப்பார்கள். கணினியோ மடிக்கணினியின் உள் மைக்கைக் கேட்டுக்கொண்டிருக்கும். இதைக் கண்டறிய எளிய வழி உண்டு. பேசாமல், மைக்கின் நுனியை விரல் நகத்தால் மெல்லத் தட்டுங்கள். ஒலி அளவுக் கோடு துள்ளினால் அதே மைக்தான். அசையாமல் இருந்தால் வேறொன்று கேட்கிறது.

அடுத்து, சவுண்ட் ரெக்கார்டர் செயலியில் நான்கைந்து வாக்கியங்களைப் பேசிப் பதிவு செய்து, காதில் மாட்டிக் கேளுங்கள். உங்கள் குரல் தெளிவாகவும், பின்னணி ஏறக்குறைய அமைதியாகவும் இருக்க வேண்டும். உரத்த இடங்களில் கரகரப்பு கேட்டால் இன்புட் அளவைக் குறையுங்கள். உங்கள் காதுக்கே புரியாத ஒன்றைக் கணினி புரிந்துகொள்ளாது. இந்தப் பதிவு திருப்தியாக அமையும்வரை அடுத்த படிக்குப் போக வேண்டாம்.

3. தமிழை உள்ளீட்டு மொழியாகச் சேருங்கள்

விண்டோஸ் 11இல் செட்டிங்ஸ், டைம் அண்டு லாங்குவேஜ், லாங்குவேஜ் அண்டு ரீஜியன் என்ற வழியில் சென்று, ஆட் எ லாங்குவேஜ் என்பதை அழுத்தித் தமிழைச் சேருங்கள். திரையின் மொழியையே தமிழாக்க வேண்டுமா என்று கேட்கும் கட்டத்தை இப்போதைக்குத் தேர்வு செய்யாமல் விடுங்கள். அதற்கான காரணம் எட்டாம் பகுதியில் வரும்.

சேர்ப்பதன் தேவை இதுதான்: விண்டோஸின் குரல் தட்டச்சு தனியாக ஒரு மொழியை வைத்துக்கொள்வதில்லை, அந்நேரத்தில் விசைப்பலகை எந்த மொழியில் இருக்கிறதோ அந்த மொழியாகவே உங்கள் பேச்சைக் கேட்கிறது. விசைப்பலகை ஆங்கிலத்தில் இருக்கையில் தமிழில் பேசினால், உங்கள் தமிழுக்கு ஒலியால் நெருக்கமான ஆங்கிலச் சொற்கள் வரிசையாக விழும். விண்டோஸ் விசையையும் இடைவெளி விசையையும் சேர்த்து அழுத்தி மொழியை மாற்றுங்கள். பணிப்பட்டையின் வலது மூலையில் மொழியின் அடையாளம் தெரியும். பேசும் முன் அதை ஒருமுறை பார்ப்பதைப் பழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

4. முதல் பத்தியைப் பேசி எழுதுங்கள்

பயிற்சியை கூகுள் டாக்ஸில் தொடங்குவதே நல்லது என்பது என் கருத்து. எந்தக் கணினியிலும் அது ஒரே மாதிரி இயங்கும். எழுதியது தானே சேமிக்கப்படும். தவறினால் மீட்க எளிது. அமைப்புகளில் எதையும் மாற்ற வேண்டியதில்லை.

க்ரோமில் புதிய ஆவணம் ஒன்றைத் திறந்து, டூல்ஸ் பட்டியலில் வாய்ஸ் டைப்பிங் என்பதைத் தேர்வு செய்யுங்கள். கண்ட்ரோல், ஷிஃப்ட், எஸ் ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்தினாலும் வரும். இடப்பக்கம் மைக் படத்துடன் ஒரு சிறு பெட்டி தோன்றும். படத்துக்கு மேலேயுள்ள மொழிப் பட்டியலில் தமிழைத் தேடுங்கள். தமிழ் அங்கே நாடு வாரியாகப் பிரிந்திருக்கும்; உங்கள் உச்சரிப்புக்கு நெருக்கமானதைத் தேர்வு செய்யுங்கள். பிறகு மைக் படத்தைச் சொடுக்கினால், மைக்கைப் பயன்படுத்த உலாவி அனுமதி கேட்கும். அலோ என்பதை அழுத்துங்கள். அவசரத்தில் பிளாக் என்பதை அழுத்தியவர்களுக்கு உலாவி மறுபடி கேட்பதில்லை. முகவரிப் பட்டையின் இடது ஓரத்தில் உள்ள குறியைச் சொடுக்கி, மைக் அனுமதியைக் கையால் மாற்றி, பக்கத்தை மீண்டும் ஏற்ற வேண்டும்.

படம் சிவப்பானதும் பேசுங்கள். அதற்கு முன்னரே பேசத் தொடங்கினால் முதல் சொல் போய்விடும். வேறு தாவலுக்கோ வேறு சன்னலுக்கோ சென்றால் டாக்ஸ் கேட்பதை நிறுத்திவிடும் என்பதையும் நினைவில் கொள்ளுங்கள். குறிப்பு ஒன்றைப் பார்த்துக்கொண்டே சொல்ல வேண்டுமானால் அதைத் தாளிலோ வேறு திரையிலோ வைத்துக்கொள்ளுங்கள்.

இது கைவந்த பிறகு விண்டோஸின் சொந்தக் குரல் தட்டச்சுக்கு வாருங்கள். எழுத வேண்டிய பெட்டியில் கர்சரை வைத்து, விண்டோஸ் விசையையும் எச் விசையையும் சேர்த்து அழுத்தினால் சிறு மைக் பட்டை தோன்றும். மின்னஞ்சல், அரட்டை, தேடல் பெட்டி என எழுத்தை ஏற்கும் ஏறக்குறைய எல்லா இடத்திலும் இது வேலை செய்யும். கர்சர் மினுமினுக்கிறதா என்று முதலில் பாருங்கள்; கர்சர் இல்லாத இடத்தில் பேசினால் எழுத்து எங்கும் சேராது. மேக் பயனர்கள் தமிழுக்கு டாக்ஸ் வழியையே பின்பற்றலாம். குறுக்குவிசையில் கண்ட்ரோலுக்குப் பதிலாகக் கமாண்ட் விசை.

5. பேசும் முறை

சொற்களைத் தனித்தனியாக வெட்டி, மெதுவாக, ஒவ்வோர் எழுத்தையும் அழுத்திப் பேசுவதுதான் தெளிவு என்று பலர் நினைக்கிறார்கள். உண்மை அதற்கு நேர்மாறானது. பேச்சறி மென்பொருள் ஒரு சொல்லை அதன் ஒலியை மட்டும் வைத்து முடிவு செய்வதில்லை. முன்னும் பின்னும் வரும் சொற்களோடு எது பொருந்தும் என்று பார்த்தே முடிவு செய்கிறது. "அறை" என்று மட்டும் சொல்லி நிறுத்தினால் அது அறையா, அரையா என்பதைக் கணினி அறிய வழியில்லை. "மாடியில் உள்ள அறையைப் பூட்டிவிட்டேன்" என்று தொடர்ந்து சொன்னால் சரியான சொல் விழும் வாய்ப்பு மிகவும் கூடுகிறது. பணி, பனி, கரி, கறி, கலை, களை போன்ற இணைகளுக்கும் இதுவே பொருந்தும். எனவே வாக்கியத்தை, நீளமானால் அதன் ஒரு பகுதியை, மனத்தில் முழுமையாக அமைத்துக்கொண்டு, இயல்பான வேகத்தில் ஒரே மூச்சில் சொல்லுங்கள்.

இதே காரணத்தால், பேசும்போது திரையில் எழுத்துகள் மாறிக்கொண்டே இருக்கும். முதலில் தவறாக விழுந்த சொல், வாக்கியத்தின் வினை வந்து சேர்ந்ததும் தானாகத் திருந்துவதைக் காண்பீர்கள். தவறான சொல்லைப் பார்த்த கணத்தில் பேச்சை நிறுத்திவிடுவது தொடக்கநிலையில் எல்லாரும் செய்யும் பிழை. நிறுத்திவிட்டால், அந்தச் சொல்லைத் திருத்தியிருக்கக்கூடிய பின்பகுதி கணினிக்குக் கிடைக்காமலே போகிறது. பயிற்சிக் காலத்தில் திரையைப் பாராமல் பேசுமாறு சொல்கிறேன். சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு ஒரு பத்தியைச் சொல்லி முடித்து, பிறகு திரும்பிப் பாருங்கள்.

எழுத்து நடை வேண்டுமானால் எழுத்து நடையிலேயே பேசுங்கள். "நாளைக்கு வரேன்னு சொன்னாங்க" என்று பேசிவிட்டு "நாளை வருவதாகச் சொன்னார்கள்" என்று விழும் என எதிர்பார்க்க முடியாது. பேச்சு வழக்கில் ஈறுகள் தேய்ந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதால், சொல் எங்கே முடிகிறது என்பதைக் கண்டறிவதும் கடினமாகிறது. முழு ஈறுகளோடு பேசுவது முதலில் மேடைப்பேச்சு போலக் கூச்சமாக இருக்கும். தனியறையில் பயின்றால் அந்தக் கூச்சம் விரைவில் போய்விடும். வீட்டார் எதிரே அமர்ந்து பயிலத் தொடங்கியவர்கள் பெரும்பாலும் குரலைத் தாழ்த்திக்கொண்டு முணுமுணுக்கிறார்கள், அதனால் பிழை கூடுகிறது.

நிறுத்தக்குறிகளைப் பற்றி ஒரு சொல். டாக்ஸில் காற்புள்ளி, முற்றுப்புள்ளி ஆகியவற்றை வாயால் சொல்லி இடும் வசதி ஆங்கிலம் உள்ளிட்ட சில மொழிகளுக்கு மட்டுமே உள்ளது. தமிழில் "முற்றுப்புள்ளி" என்று சொன்னால் அந்தச் சொல்லே எழுத்தாக விழும். ஆகவே ஒரு கையை விசைப்பலகையில் வைத்துக்கொண்டு, வாக்கியம் முடிந்து எழுத்துகள் அசைவது நின்றபின் புள்ளி விசையை அழுத்துங்கள். எழுத்துகள் அடங்கும் முன் அழுத்தினால் புள்ளி தவறான இடத்தில் விழக்கூடும். விண்டோஸ் பட்டையின் அமைப்பில் தானாக நிறுத்தக்குறி இடும் தேர்வு ஒன்று இருக்கிறது. அதை இயக்கி ஒரு பத்தியைப் பேசிப் பார்த்து, உங்கள் நடைக்கு ஒத்துவந்தால் வைத்துக்கொள்ளுங்கள்.

எண்கள், தேதிகள், தொலைபேசி எண்கள், மின்னஞ்சல் முகவரிகள் ஆகியவற்றைப் பேசாதீர்கள். அவற்றைத் தட்டிவிடுவதே விரைவு.

6. திருத்துவதைத் தனி வேலையாக வையுங்கள்

ஒரு பக்கத்தைச் சொல்லி முடிக்கும்வரை எதையும் திருத்தாதீர்கள். பேசும் மனமும் பிழை தேடும் மனமும் ஒன்றையொன்று தடுக்கின்றன. இரண்டையும் கலப்பவர்கள் தட்டச்சு செய்ததைவிட அதிக நேரம் செலவிட்டுக் களைத்துப்போவதை மீண்டும் மீண்டும் பார்த்திருக்கிறேன். புரியாத அளவுக்குத் தவறாக விழுந்த இடத்தில் மட்டும் இரண்டு நட்சத்திரக் குறிகளைத் தட்டிவிட்டுத் தொடருங்கள். பிறகு அவற்றைத் தேடி எடுத்துச் சரிசெய்யலாம். என்ன சொன்னோம் என்பது மறக்கும் முன், அதே நாளில், செய்யுங்கள்.

திருத்தத்தில் முதலில் பார்க்க வேண்டியவை, கண்ணுக்குச் சரியாகத் தோன்றும் பிழைகள். எழுத்துப்பிழை திருத்தி இவற்றைக் காட்டாது, ஏனெனில் கணினி எழுதுவது எப்போதும் உண்மையான ஒரு சொல்லாகவே இருக்கும். இடத்துக்குப் பொருந்தாத சொல்லாக இருக்கும், அவ்வளவே. "மலை" இருக்க வேண்டிய இடத்தில் "மழை" இருந்தால் எந்தச் சிவப்புக் கோடும் வராது. ஆகவே வாய்விட்டுப் படிப்பதால் பயனில்லை. ஒலி ஒன்றுபோலவே இருக்கும். கண்ணால், மெதுவாக, சொல் சொல்லாகப் படியுங்கள். டாக்ஸில் சில சொற்களின் கீழ்ச் சாம்பல்நிறக் கோடு தெரிந்தால், வலச்சொடுக்கி மாற்றுச் சொற்களைப் பாருங்கள்.

இரண்டாவது, ஒற்றும் இடைவெளியும். "அதைப் பற்றி" என்பது "அதை பற்றி" என்றும், "வந்துவிட்டது" என்பது "வந்து விட்டது" என்றும் விழும். நான் அடிக்கடி எழுதும் இத்தகைய இணைகளை ஒரு சிறு பட்டியலாக வைத்துக்கொண்டு, கண்ட்ரோல், எச் விசைகளால் வரும் தேடி மாற்றும் பெட்டியில் ஒவ்வொன்றாக மாற்றிவிடுகிறேன். "அதை" என்பதை மட்டும் தேடி மாற்றாதீர்கள். "அதைக் கண்டேன்" என்னும் இடமெல்லாம் கெட்டுவிடும். வல்லினம் மிகும் இடத்தை முடிவு செய்வது அடுத்த சொல் என்பதால் இரு சொற்களையும் சேர்த்தே தேட வேண்டும்.

மூன்றாவது, பெயர்கள். ஒரு பெயர் எத்தனை முறை சொன்னாலும் தவறாகவே விழுந்தால், அதனோடு போராடாமல், எளிதில் பிடிபடும் வேறொரு சொல்லை அதன் இடத்தில் சொல்லிக்கொண்டே போங்கள். முடிவில் அச்சொல்லைத் தேடிப் பெயராக மாற்றலாம். இதில் தமிழுக்கென்று இரண்டு கவனங்கள் உண்டு. அந்தச் சொல் கட்டுரையில் வேறெங்கும் வராததாக இருக்க வேண்டும். மேலும், பெயர் எந்த ஒலியில் முடிகிறதோ அதே ஒலியில் அதுவும் முடிய வேண்டும். ஐகாரத்தில் முடியும் பெயருக்குத் "தாமரை" என்று வைத்தால் தாமரையிடம், தாமரையின் என்பவை எல்லாம் தாமாகவே சரியாக மாறும். "ன்" என்று முடியும் பெயருக்கு "அரசன்" என்று வைத்தால் அரசன், அரசனை, அரசனுக்கு என்பவற்றைத் தனித்தனியாகத் தேடி மாற்றுங்கள், ஏனெனில் உருபு சேர்ந்ததும் புள்ளி மறைந்துவிடுகிறது.

குரல் தட்டச்சு தருவது ஒருங்குறி (யூனிகோடு) எழுத்து. பாமினி போன்ற பழைய எழுத்துரு முறையை எதிர்பார்க்கும் பக்க வடிவமைப்பு மென்பொருளில் அதை ஒட்டினால் கட்டங்களும் கேள்விக்குறிகளும் தோன்றும். முதலில் எழுத்துரு மாற்றியில் இட்டு மாற்றி, பிறகு ஒட்டுங்கள்.

7. குரல் கட்டுப்பாட்டை இயக்குதல்

விண்டோஸ் 11இல் இதன் பெயர் வாய்ஸ் ஆக்சஸ். செட்டிங்ஸ், ஆக்சசிபிலிட்டி, ஸ்பீச் என்ற வழியில் சென்று இயக்குங்கள். முதல் முறை மொழிக்கோப்பு ஒன்று இறங்கும். அதற்கு மட்டும் இணையம் வேண்டும். அதன்பின் எல்லாம் கணினிக்குள்ளேயே நடக்கும், இணையம் இல்லாதபோதும் இயங்கும். பழைய ஸ்பீச் ரெகக்னிஷன் கருவியைப் பற்றிய குறிப்புகளை எங்காவது கண்டால் அவற்றைப் பின்பற்ற வேண்டாம். 2024 செப்டம்பரிலிருந்து விண்டோஸ் 11இல் அதன் இடத்துக்கு வாய்ஸ் ஆக்சஸ் வந்துவிட்டது. மேக் கணினியில் சிஸ்டம் செட்டிங்ஸ், ஆக்சசிபிலிட்டி, வாய்ஸ் கண்ட்ரோல்.

இவற்றில் கட்டளைகள் தமிழில் இல்லை; ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். விண்டோஸில் ஆங்கிலத்தின் இந்திய வகை தனியாக உண்டு. அமெரிக்க வகையோடு தடுமாறுபவர்கள் அதற்கு மாறிப் பாருங்கள். கட்டளைகள் குறைந்த எண்ணிக்கையிலான, குறுகிய சொற்கள் என்பதால் ஆங்கிலம் சரளமாகப் பேசாதவர்களும் இதைக் கற்றுவிடுகிறார்கள்.

இயக்கியவுடன் திரையின் உச்சியில் ஒரு பட்டை வரும். நீங்கள் சொன்னது எப்படிக் கேட்கப்பட்டது என்பதை அது காட்டும். கட்டளை நிறைவேறாதபோது அதே கட்டளையை உரக்கச் சொல்லும் முன் அந்தப் பட்டையைப் படியுங்கள். சொல் தவறாகக் கேட்கப்பட்டதா, சரியாகக் கேட்டும் அப்படி ஒரு கட்டளை இல்லையா என்பது அங்கேயே தெரிந்துவிடும். இரண்டுக்கும் தீர்வு வேறு.

8. நிறுத்துவதை முதலில் கற்றுக்கொள்ளுங்கள்

எதையும் திறக்கக் கற்கும் முன் நிறுத்தக் கற்க வேண்டும். தொலைபேசி மணி அடிக்கும், யாராவது அறைக்குள் வந்து பேசுவார்கள், அந்தப் பேச்செல்லாம் கட்டளையாகிவிடக் கூடாது. விண்டோஸில் "வாய்ஸ் ஆக்சஸ் ஸ்லீப்" என்றால் அது உறங்கும், "வாய்ஸ் ஆக்சஸ் வேக் அப்" என்றால் விழிக்கும். மேக்கில் "கோ டு ஸ்லீப்", "வேக் அப்". இவற்றை யோசிக்காமல் வாயில் வரும்வரை சொல்லிப் பழகுங்கள். "டர்ன் ஆஃப் மைக்ரோஃபோன்" என்பது வேறு. அதைச் சொன்னபின் குரலால் மீண்டும் எழுப்ப முடியாது, பட்டையில் உள்ள மைக் படத்தைச் சொடுக்க வேண்டும். கையைப் பயன்படுத்த முடியாதவர்கள் இதைத் தவிர்க்க வேண்டும்.

இரண்டாவது, "அண்டூ தட்". கடைசியாகச் செய்ததை மீட்கும்.

மூன்றாவது, "கமாண்ட்ஸ் மோட்". இயல்பு நிலையில் வாய்ஸ் ஆக்சஸ் கட்டளையையும் எழுத்தையும் கலந்தே ஏற்கும். கட்டளை அல்லாதது எல்லாம் கர்சர் உள்ள இடத்தில் எழுத்தாகிவிடும். கட்டளை முறைக்கு மாற்றிவிட்டால் அந்தக் குழப்பம் இல்லை. முதல் வாரம் இந்த முறையிலேயே இருங்கள். மேக்கில் இது "கமாண்ட் மோட்".

இவை மூன்றும் பழகியபின் "ஓப்பன்" என்று சொல்லிச் செயலியின் பெயரையும், "ஸ்விட்ச் டு" என்று சொல்லித் திறந்திருக்கும் சன்னலின் பெயரையும், "ஸ்க்ரோல் டவுன்", "ஸ்க்ரோல் அப்" ஆகியவற்றையும், "கிளிக்" என்று சொல்லித் திரையில் தெரியும் பொத்தானின் பெயரையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இங்கேதான் திரை மொழியைப் பற்றி மூன்றாம் பகுதியில் சொன்னது பொருந்துகிறது: பொத்தானின் பெயர் தமிழில் இருந்தால், ஆங்கிலம் மட்டும் அறிந்த கருவியால் அந்தப் பெயரை உங்கள் வாயிலிருந்து கேட்டு அறிய முடியாது.

9. பெயரில்லாத பொத்தானை அழுத்துதல்

திரையில் படம் மட்டும் உள்ள, பெயரே இல்லாத பொத்தான்கள் நிறைய. அவற்றுக்கு "ஷோ நம்பர்ஸ்" என்று சொல்லுங்கள். சொடுக்கக்கூடிய ஒவ்வோர் இடத்தின் மேலும் ஓர் எண் ஒட்டிக்கொள்ளும். "கிளிக் ட்வெல்வ்" என்றால் பன்னிரண்டாம் எண் உள்ள இடம் சொடுக்கப்படும். விண்டோஸிலும் மேக்கிலும் இதே கட்டளைதான்.

எண்ணும் ஒட்டாத இடம் என்றால், ஒரு வரைபடத்தின் நடுப்புள்ளி போன்றது, "ஷோ கிரிட்". விண்டோஸில் திரை முழுவதும் மூன்றுக்கு மூன்று என ஒன்பது கட்டங்களாகப் பிரிந்து எண்கள் தெரியும். நீங்கள் தொட விரும்பும் இடம் வலது கீழ் மூலையில் இருந்தால் "நைன்" என்று சொல்லுங்கள். அந்த ஒரு கட்டம் மட்டும் மீண்டும் ஒன்பதாகப் பிரியும். மறுபடி எண் சொல்லுங்கள். மூன்றாவது முறையில் கட்டங்கள் சிறு பொத்தானின் அளவுக்குச் சுருங்கிவிடும். இடம் கட்டத்தின் நடுவே வந்ததும் "கிளிக்". எல்லாக் காரியத்துக்கும் கட்டத்தையே பிடித்துக்கொள்பவர்கள் உண்டு. அது மிக மெதுவான வழி. பெயர், இல்லையேல் எண், அதுவும் இல்லையேல் கட்டம் என்ற வரிசையை விடாதீர்கள்.

10. தமிழில் எழுதிக்கொண்டே ஆங்கிலத்தில் கட்டளையிடுதல்

இரு கருவிகளும் ஒரே நேரத்தில் விழித்திருந்தால், நீங்கள் பேசும் தமிழை வாய்ஸ் ஆக்சஸ் ஆங்கிலமாகக் கேட்டு, ஏதேனும் ஒரு கட்டளையை நிறைவேற்ற முயலும். ஆகவே வரிசை இப்படி இருக்கட்டும்: குரலால் ஆவணத்தைத் திறந்து, எழுத வேண்டிய இடத்தில் சொடுக்குங்கள், வாய்ஸ் ஆக்சஸை உறங்கச் செய்யுங்கள், விசைகளால் தமிழ்க் குரல் தட்டச்சைத் தொடங்கிப் பேசுங்கள், அதை நிறுத்துங்கள், அதன்பின் வாய்ஸ் ஆக்சஸை எழுப்புங்கள். நிறுத்தும் படியை மறந்தால் "வாய்ஸ் ஆக்சஸ் வேக் அப்" என்பதே உங்கள் கட்டுரையில் ஒரு வரியாக விழுந்திருக்கும்.

11. எதைப் பேசக் கூடாது

கடவுச்சொல், வங்கி எண், பிறருடைய மருத்துவ விவரம் ஆகியவற்றைக் குரலால் எழுத வேண்டாம். முதல் பகுதியில் சொன்னபடி தமிழ் ஒலி வெளியே சென்று திரும்புகிறது. அதற்கும் மேலாக, அறையில் இருப்பவர்கள் கேட்கிறார்கள். வேலை முடிந்ததும் மைக் படம் அணைந்திருக்கிறதா என்று பாருங்கள்.

12. வேலை செய்யாதபோது பார்க்கும் வரிசை

கணினியை அணைத்துப் போடும் முன் இந்த வரிசையில் பாருங்கள். எளிதானதும் அடிக்கடி நேர்வதும் முதலில் வருகின்றன. ஹெட்செட்டின் கம்பியில் உள்ள மியூட் பொத்தான் அழுந்தியிருக்கிறதா? இன்புட் பட்டியலில் சரியான மைக் இருக்கிறதா? கழற்றி மாட்டிய ஒவ்வொரு முறையும் அது மாறியிருக்கக்கூடும். காணொளி அழைப்பு ஏதேனும் பின்னணியில் மைக்கைப் பிடித்துக்கொண்டிருக்கிறதா? விசைப்பலகை மொழி தமிழில் இருக்கிறதா? கர்சர் எழுதும் பெட்டிக்குள் இருக்கிறதா? இணையம் இருக்கிறதா? இவை எல்லாம் சரி என்றால், செட்டிங்ஸில் பிரைவசி அண்டு செக்யூரிட்டி, மைக்ரோஃபோன் என்ற இடத்தில் உங்கள் செயலிக்கு அனுமதி இருக்கிறதா என்று பாருங்கள்.

எழுத்து விழுகிறது, ஆனால் சில நாள்களாகப் பிழை கூடிவிட்டது என்றால், இரண்டாம் பகுதியில் செய்தது போல மறுபடி ஒரு பதிவு செய்து கேளுங்கள். மைக் தண்டு கழுத்துப் பக்கம் இறங்கியிருக்கலாம், புதிதாக ஒரு மின்விசிறி வந்திருக்கலாம். பதிவு தெளிவாக இருந்தும் பிழை குறையவில்லை என்றால், உங்கள் குரல் களைத்திருக்கிறதா என்று பாருங்கள். தொடர்ந்து ஒரே சுருதியில் பேசுவது தொண்டையை வருத்தும். கை வலிக்காகக் குரலுக்கு மாறியவர்கள் தொண்டை வலியோடு நிற்பதைக் காண நேர்கிறது. அரைமணிக்கு ஒருமுறை நிறுத்தித் தண்ணீர் குடியுங்கள், உரக்கப் பேசாமல் மைக்கை அருகே கொண்டுவாருங்கள், குரல் கம்மியிருக்கும் நாளில் கட்டளைகளோடு நிறுத்திக்கொண்டு நீண்ட எழுத்து வேலையை மறுநாளுக்கு ஒத்திவையுங்கள்.